இசையும் சத்தமும் ஒரே கையில்: சினிமாவுக்கு இசை, ஒலி வடிவமைப்பு செய்ய வருபவர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

சென்னையில் குறும்படங்கள், ஆவணப்படங்கள், சின்ன பட்ஜெட் படங்களுக்குப் பின்னணி இசையும் ஒலி வடிவமைப்பும் சேர்த்துச் செய்து வருகிறேன். இந்த வேலைக்கு வர நினைப்பவர்களும், முதல் படம் எடுக்கும் இயக்குநர்களும் திரும்பத் திரும்பக் கேட்பவற்றை இங்கே ஒரே இடத்தில் எழுதி வைக்கிறேன். பெரிய படங்களின் நடைமுறை வேறு. அதை அங்கே இருப்பவர்கள் சொல்வதுதான் சரி.

இசையமைப்பாளர் வேறு, சவுண்ட் டிசைனர் வேறு இல்லையா? இரண்டையும் ஒருவரே ஏன் செய்ய வேண்டும்?

பெரிய படத்தில் வேறு வேறுதான். லொகேஷன் ரெக்கார்டிஸ்ட், டப்பிங் இன்ஜினியர், எஃபெக்ட்ஸ் எடிட்டர், காலடி, பாத்திரம் போன்ற சத்தங்களைப் படத்தைப் பார்த்துக்கொண்டே செய்து பதியும் ஃபோலி கலைஞர், கடைசியில் எல்லாவற்றையும் சேர்த்துச் சமன்செய்யும் மிக்ஸிங் இன்ஜினியர் என்று ஒலிக்கு மட்டுமே ஒரு குழு இருக்கும். இசை முற்றிலும் தனிக் கடை. சின்னப் படத்தில் இரண்டையும் ஒருவரிடம் கொடுப்பதற்கு முதல் காரணம் காசு. அதைச் சுற்றி வளைத்துச் சொல்வதில் பயனில்லை.

ஆனால் காசைத் தாண்டியும் ஒரு லாபம் உண்டு. வழக்கமாக எடிட் முடிந்த பிரதி ஒரே நாளில் இரண்டு பேருக்குப் போகும். மழைக் காட்சி என்றால் சவுண்ட் டிசைனர் தகரக் கூரை, ஓட்டுச் சாரல், இடி என்று எல்லாவற்றையும் கொட்டுவார். இசையமைப்பாளரும் அதே காட்சிக்கு வயலின்களை நடுங்க விடுவார். இரண்டும் முதல்முறை சந்திப்பது மிக்ஸிங் அன்றுதான். மழையின் இரைச்சலும் அந்த வயலின்களும் ஒரே அலைவரிசையில் கிடந்து அடித்துக்கொள்ளும், யாராவது ஒருவருடைய சத்தத்தைக் குறைக்க ஃபேடரை இறக்குவார்கள், ஒரு மாத உழைப்பு போயே போச்சு. இரண்டும் ஒரே கையில் இருந்தால் இதை எழுதும்போதே தவிர்க்கலாம்.

ஆபத்தும் அங்கேதான். உங்களோடு சண்டை போட ஆள் இல்லை. சொந்த மெட்டின் மேல் உள்ள ஆசையில் நல்ல அமைதியான இடத்தையெல்லாம் நிரப்பிவிடுவோம். அதனால் படத்தை ஒருமுறை இசை டிராக்கை முழுக்க மூடிவிட்டு எடிட்டரோடு உட்கார்ந்து பார்ப்பேன். எந்த இடத்தில் அவர் நெளிகிறாரோ அங்கே மட்டும் இசைக்கு வேலை இருக்கிறது.

ஸ்கிரிப்ட் கைக்கு வந்ததும் முதலில் என்ன செய்வீர்கள்?

கீபோர்டைத் தொட மாட்டேன். பென்சிலோடு உட்கார்ந்து ஒவ்வொரு காட்சியின் ஓரத்திலும் வ, ச, இ என்று ஏதாவது ஓர் எழுத்தைப் போடுவேன். வசனம், சத்தம், இசை: இந்தக் காட்சியைச் சுமப்பது எது? ஒன்றுதான் போட வேண்டும் என்பது எனக்கு நானே வைத்துக்கொண்ட விதி. மற்ற இரண்டும் இருக்கலாம், ஆனால் சுமப்பது ஒன்று. இந்த எழுத்து முடிவாகாமல் எந்தக் கருவியை வாங்கியும் பயனில்லை என்பது என் கட்சி.

ஓர் உதாரணம். லைன் வீடு. ராத்திரி. அம்மா மகனுக்காகக் காத்திருக்கிறாள். ஸ்கிரிப்டில் 'சோகமான இசை' என்று எழுதியிருக்கிறது. நான் அங்கே 'ச' போடுவேன். முதலில் பக்கத்து வீட்டு டி.வி.யில் சீரியல், குழாயடியில் பாத்திரம், தெருவில் வண்டிகள். அடுத்த ஷாட்டில் டி.வி. இல்லை. அதற்கடுத்து மூலைக் கடையின் ஷட்டரை இழுக்கும் சத்தம் ஒன்று, அப்புறம் வண்டிகளும் குறைகின்றன. கடைசி ஷாட்டில் ஃபேன் மட்டும். கடிகாரத்தைக் காட்டாமலே மணி ஓடிவிட்டது. அவள் தனியாகிவிட்டதும் தெரிந்துவிட்டது. இசை வருவதாக இருந்தால் மகன் கதவைத் தட்டிய பிறகு வரட்டும்.

சத்தமே முழுப் படத்தையும் சுமந்ததற்குத் தமிழிலேயே சாட்சி இருக்கிறது. பார்த்திபனின் 'ஒத்த செருப்பு சைஸ் 7' (2019) படத்தில் திரையில் தெரிவது அவர் ஒருவர் மட்டுமே. மற்ற பாத்திரங்கள் எல்லாம் குரலாகவும் சத்தமாகவும்தான் வருகிறார்கள். அதன் ஒலிக்கலவைக்காக ரசூல் பூக்குட்டிக்குத் தேசிய விருது கிடைத்தது. கண்ணை மூடிக்கொண்டு ஒருமுறை கேளுங்கள், ஆட்கள் எங்கெங்கே உட்கார்ந்திருக்கிறார்கள் என்று கை காட்டிவிடலாம்.

இன்டர்நெட்டில் சவுண்ட் லைப்ரரி கொட்டிக் கிடக்கிறதே, அது போதாதா?

வெடிச் சத்தத்துக்கும் காற்றுக்கும் போதும். நம் வீட்டுக்குள் நடக்கும் கதைக்குப் போதாது.

முதல் பிரச்சினை கால். வெளிநாட்டு லைப்ரரியில் நடைச் சத்தம் என்றால் பெரும்பாலும் ஷூதான், அதுவும் மரத் தரையில். நம் ஆட்கள் வீட்டுக்குள் வெறுங்காலோடு நடப்பவர்கள். சிமென்ட் தரை, மொசைக், டைல்ஸ், சாணி மெழுகிய தரை எல்லாவற்றிலும் வெறுங்கால் சத்தம் வேறு வேறு. வேர்த்த பாதம் டைல்ஸில் லேசாக ஒட்டிப் பிரியும், அது மொசைக்கில் கேட்காது. ஹவாய் செருப்பை எடுத்துக்கொள்ளுங்கள்: ஓர் அடிக்கு இரண்டு சத்தம். அடிப்பாகம் தரையில் படுவது ஒன்று, அது எழுந்து குதிகாலில் அறைவது இன்னொன்று. இரண்டுக்கும் நடுவே உள்ள இடைவெளிதான் அந்த ஆள் அவசரத்தில் போகிறாரா, அலுப்போடு போகிறாரா என்று சொல்கிறது. இதை எந்த லைப்ரரியில் தேடுவது? ஒரு செருப்பும் ஒரு மைக்கும் எடுத்துக்கொண்டு குளியலறை வாசலில் உட்கார்ந்தால் அரை மணி நேரத்தில் வேலை முடிந்தது.

அடுத்தது பறவை. காலை என்றதும் லைப்ரரியிலிருந்து ஐரோப்பியக் குருவிகளை இழுத்துப் போட்டுவிடுகிறார்கள். சென்னையின் காலை காகத்தால் ஆனது. குயில் கோடைக் குரல். மார்கழிக் காட்சியில் அது கூவினால் ஊர்க்காரர்கள் சிரிப்பார்கள். மார்கழிக்குத் தூரத்துக் கோயில் ஒலிபெருக்கியே போதும்.

வண்டிகளும் அப்படித்தான். 90களில் நடக்கும் கதைக்கு இன்றைய ஆட்டோவின் சத்தம் பொருந்தாது. அன்று ஓடியவை பெரும்பாலும் டூ ஸ்ட்ரோக். அந்தப் படபடப்பு இப்போது தெருவில் அரிதாகிவிட்டது, எங்காவது பழைய வண்டி கண்ணில் பட்டால் ஓட்டுநரிடம் கேட்டுப் பதிவு செய்து வைத்துக்கொள்ளுங்கள். கேட்டால் யாரும் மறுப்பதில்லை, ஒரு டீ வாங்கிக் கொடுங்கள்.

பதிவு செய்வதை விட முக்கியம் பெயர் எழுதி வைப்பது. 'மழை, தகரம், இரவு, ஆள் குரல் இல்லை' என்று கோப்பின் பெயரிலேயே இருக்கட்டும். 'புதியது 7' என்று வைத்தால் அது தொலைந்த மாதிரிதான்.

சத்தத்துக்கும் சுருதி பார்க்க வேண்டும் என்கிறீர்களே, அது எப்படி?

இந்தக் கேள்விக்குத்தான் நீளமாகப் பதில் சொல்ல ஆசை.

நம் ஊர் மின்சாரம் நொடிக்கு 50 சுற்று. பழைய ட்யூப்லைட்டின் சோக் அதன் இரண்டு மடங்கில், அதாவது 100 ஹெர்ட்ஸில் முனகும். கீபோர்டில் அதற்குப் பக்கத்தில் இருக்கும் ஸ்வரம் 'ஜி', நம் கணக்கில் ஐந்து கட்டை. அந்த இடத்தில் 'ஜி' என்பது 98 ஹெர்ட்ஸ். ஆக ட்யூப்லைட் கொஞ்சம் சுருதி ஏறிய ஐந்து கட்டையில் விடாமல் பாடிக்கொண்டிருக்கிறது. அந்த அறைக் காட்சிக்கு நீங்கள் 'ஜி'யில் ஒரு செல்லோவை நீட்டிப் பிடித்தால் இரண்டும் சேர்ந்து நொடிக்கு இரண்டு முறை அலையடிக்கும். பார்ப்பவருக்குக் காரணம் தெரியாது, ஏதோ உறுத்துகிறது என்பார்.

உறுத்த வேண்டிய காட்சி என்றால் அப்படியே விட்டுவிடுங்கள், இலவசமாகக் கிடைத்த பதற்றம். வேண்டாம் என்றால் இரண்டு வழி: சோக்கின் முனகலைக் கொஞ்சம் இறக்கி இசையோடு சேர்ப்பது, இல்லை இசையை அதன் சுருதிக்கு ஏற்றுவது. இரண்டாவது எனக்குப் பிடிக்கும். அறையே தம்புரா ஆகிவிடும். அப்புறம் காட்சியின் நடுவே கரண்ட் போனால் தம்புராவும் நிற்கும், அந்த வெறுமையை எந்த மெட்டாலும் கொண்டுவர முடியாது.

அமெரிக்க லைப்ரரியிலிருந்து ட்யூப்லைட் சத்தம் எடுத்தால் அது 120 ஹெர்ட்ஸில் இருக்கும், அங்கே மின்சாரம் 60 சுற்று. மதுரை வீட்டில் அமெரிக்க விளக்கு எரியும். ஆயிரத்தில் ஒருவர்கூடக் கவனிக்க மாட்டார் என்பது உண்மை. ஆனால் படத்தில் மற்ற எல்லாம் 50-ன் மடங்கில் முனகும்போது இது மட்டும் ஒட்டாமல் நிற்கும்.

இந்த யோசனையை முழுத் தொடருக்கும் கொண்டுபோனவர் ஐஸ்லாந்தின் ஹில்டுர் குட்னாடோட்டிர். 'செர்னோபில்' (2019) தொடருக்காக லித்துவேனியாவில் மூடப்பட்ட இக்னலினா அணுமின் நிலையத்துக்குள் போய், ஒலிப்பதிவாளர் கிறிஸ் வாட்சனோடு அதன் இயந்திரங்களையும் கதவுகளையும் அறைகளின் எதிரொலியையும் பதிந்துவந்தார். அந்தச் சத்தங்களோடு மனிதக் குரலைச் சேர்த்துத்தான் இசை. அதற்கு அமெரிக்கத் தொலைக்காட்சி விருதான எம்மி கிடைத்தது.

நமக்கு அணு உலை வேண்டாம், கிணற்று மோட்டார் போதும். அதன் இரும்புக் குழாயில் பொருளின் அதிர்வையே பிடிக்கும் ஒரு கான்டாக்ட் மைக்கை ஒட்டி, நொடிக்கு 96,000 மாதிரிகள் எடுக்கும் 96 கிலோஹெர்ட்ஸ் அமைப்பில் பதிவு செய்யுங்கள். கம்ப்யூட்டரில் பாதி வேகத்தில் ஓட்டினால் ஒரு ஸ்தாயி கீழே போகும், கால்வாசி வேகத்தில் இரண்டு ஸ்தாயி. அந்த உறுமலின் மேல் நாயனத்தையோ கீபோர்டையோ வைத்துப் பாருங்கள். படப்பிடிப்பு நடக்கும் வீட்டின் கூடத்தில் ஒரு பலூனை உடைத்து அதன் எதிரொலியைப் பதிந்து வந்தால், டப்பிங் தியேட்டரில் பேசிய வசனத்தைக்கூட அதே கூடத்தில் பேசிய மாதிரி ஆக்கிவிடலாம். கன்வல்யூஷன் ரிவெர்ப் என்ற வசதி இதற்குத்தான்.

சத்தம் படத்தோடு சரியாக ஒட்டி, சிங்க்கில் இருந்தாலும் தப்பாகத் தெரிகிறது என்கிறார் இயக்குநர். ஏன்?

தூரக் காட்சியாக இருக்கும். நொடிக்கு 24 ஃபிரேம் ஓடும் படத்தில் ஒரு ஃபிரேமின் நேரத்தில் சத்தம் ஏறக்குறைய 14 மீட்டர் போகும். கண்மாய்க்கு அக்கரையில், 140 மீட்டர் தள்ளி, திருவிழா வேட்டு வெடித்தால் சத்தம் பத்து ஃபிரேம் தாமதமாக வர வேண்டும். வெளிச்சத்தோடு ஒட்டி வைத்தால் கண்மாயின் அகலமே போய்விடும். சினிமாவில் இந்த விதியை வேண்டுமென்றே மீறுவதும் உண்டு. மீறுகிறோம் என்று தெரிந்து மீறினால் சரி.

சிங்க் சவுண்டா, டப்பிங்கா?

பணமும் அமைதியான லொகேஷனும் இருந்தால் சிங்க் சவுண்ட், அதாவது வசனத்தையும் சத்தத்தையும் படப்பிடிப்பிலேயே பதிவது. நடிப்பவரின் மூச்சு டப்பிங்கில் திரும்பி வராது. வடபழனி தெருவில் பகலில் எடுக்கிறீர்கள், ரெக்கார்டிஸ்ட்டுக்குச் சம்பளம் கொடுக்க வழியில்லை என்றால் டப்பிங்குக்கு வழிகாட்ட மட்டும் படப்பிடிப்பில் பதியும் பைலட் டிராக்கை நன்றாக எடுத்துக்கொண்டு டப்பிங் பேசுங்கள். எதுவானாலும் ஒவ்வொரு இடத்திலும் எல்லோரையும் அசையாமல் நிற்க வைத்து ஒரு நிமிடம் வெறும் அறையின் சத்தத்தைப் பதியுங்கள், வசனங்களுக்கு நடுவே உள்ள இடைவெளியை நிரப்ப அது வேண்டும். இதற்கு யூனிட்டில் திட்டு விழும், வாங்கிக்கொள்ளுங்கள்.

எடிட்டில் ஏற்கெனவே ஒரு ஹாலிவுட் இசையைப் போட்டுக் கொடுத்து 'இதே மாதிரி' என்கிறார்கள். என்ன செய்வது?

இப்படித் தற்காலிகமாகப் போடும் இசைக்கு டெம்ப் டிராக் என்று பெயர். அது கேட்டுக் கேட்டுக் காதில் ஒட்டிக்கொள்ளும். அதோடு ஆறு மாதம் படத்தைப் பார்த்தவர்களுக்கு உங்கள் இசை எதுவானாலும் குறையாகத்தான் படும். இயக்குநரிடம் 'இதில் எது பிடித்தது?' என்று கேளுங்கள். பல நேரம் பதில் மெட்டாக இருக்காது. 'அந்த இடத்தில் நின்றுவிடுகிறது பாருங்கள்' என்பார், இல்லை 'மெதுவாக ஏறுகிறது' என்பார். அதை எடுத்துக்கொண்டு மெட்டை விட்டுவிடலாம். அப்படியே வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தால், அந்த இசையின் உரிமையை வாங்கச் செலவு என்ன ஆகும் என்று விசாரிக்கச் சொல்லுங்கள். பேச்சு அடங்கிவிடும்.

என்ன கருவி வாங்க வேண்டும்? எங்கே படிக்கலாம்?

ஒரு நல்ல மூடிய ஹெட்ஃபோன், மைக்கைக் கம்ப்யூட்டரோடு இணைக்கும் ஓர் இன்டர்ஃபேஸ், கைக்கடக்கமான ரெக்கார்டர், காற்றுத் தடுப்புக் கவசத்தோடு ஒரு மைக். மென்பொருளில் ரீப்பரில் தொடங்கலாம், விலை குறைவு. மிக்ஸிங் தியேட்டர்களில் ப்ரோ டூல்ஸ் புழங்குவதால் அதன் அரிச்சுவடியையும் தெரிந்துவைத்திருங்கள். ஸ்பீக்கருக்குச் செலவழிப்பதற்கு முன் அறைக்குத் தடித்த திரையும் பஞ்சு மெத்தைகளும் போடுங்கள்.

படிப்புக்குத் தரமணி எம்.ஜி.ஆர். அரசுத் திரைப்பட நிறுவனத்தில் ஒலிப்பதிவுக்கென்று பட்டப்படிப்பு இருக்கிறது. புனே திரைப்படக் கல்லூரியிலும், கொல்கத்தா சத்யஜித் ராய் நிறுவனத்திலும் ஒலிக்கென்றே தனித்துறை உண்டு. இசைப் பக்கம் என்றால் ஏ.ஆர்.ரஹ்மான் 2008-ல் தொடங்கிய கே.எம். இசைக் கல்லூரி சென்னையிலேயே இருக்கிறது. படிக்காமலும் வரலாம். ஆனால் கல்லூரியில் கிடைப்பது பாடத்தைவிடக் கூடப் படிக்கும் இயக்குநர்கள், எடிட்டர்கள். உங்கள் முதல் ஐந்து படங்கள் அவர்களுடையதாக இருக்கும்.

எவ்வளவு கேட்பது? ஒப்பந்தத்தில் எதைப் பார்க்க வேண்டும்?

தொகை படத்துக்குப் படம் மாறும், அதை நான் சொல்வதற்கில்லை. சொல்லக்கூடியது ஒன்று: இசைக்கு ஒரு தாள், ஒலி வடிவமைப்புக்கு ஒரு தாள் என்று பிரித்து எழுதுங்கள். 'மியூசிக் அண்ட் சவுண்ட், மொத்தமாக இவ்வளவு' என்று ஒரே வரியில் முடித்துவிடாதீர்கள்.

காரணம் சட்டம். 2012-ல் திருத்தப்பட்ட பதிப்புரிமைச் சட்டத்தின்படி, படத்தில் இடம்பெறும் இசைக்கு அதை அமைத்தவரே ஆக்கியோன். திரையரங்கில் படத்தோடு ஓடுவதைத் தவிர மற்ற பயன்பாடுகளில் வரும் ராயல்டியில் அவருக்குச் சம பங்கு உண்டு. வாரிசுகளுக்கோ பதிப்புரிமைச் சங்கத்துக்கோ தவிர வேறு யாருக்கும் அந்தப் பங்கை எழுதிக் கொடுக்கவும் முடியாது. ஐ.பி.ஆர்.எஸ். அப்படிப்பட்ட சங்கம், உறுப்பினராகிவிடுங்கள். ஒலி வடிவமைப்புக்கு இந்தப் பாதுகாப்பு கிடையாது. வாங்கிய சம்பளத்தோடு கணக்கு தீர்ந்தது. இது நியாயமா என்று கேட்டால் இல்லை என்பேன். கிணற்று மோட்டாரை நான் செல்லோ மாதிரி இழுத்தால் அது இசையா, எஃபெக்ட்ஸா? படத்தில் எங்கெங்கே எந்த இசை வருகிறது என்று எழுதும் என் கியூ ஷீட்டில் அது இசை என்றுதான் இருக்கும்.

இன்னொன்று, எத்தனை ஆண்டுக்கு, எந்த நாடுகளுக்கு உரிமை தருகிறீர்கள் என்று ஒப்பந்தத்தில் இல்லாவிட்டால் சட்டம் அதை ஐந்து ஆண்டு, இந்தியாவுக்குள் என்று எடுத்துக்கொள்ளும். தயாரிப்பாளர்கள் பெரும்பாலும் 'நிரந்தரமாக, உலகம் முழுவதும்' என்று எழுதித்தான் கொண்டுவருவார்கள். கையெழுத்துக்கு முன் ஒரு வக்கீலிடம் காட்டுங்கள். அப்புறம் அட்வான்ஸ் வராமல் வேலை தொடங்காதீர்கள், எத்தனை முறை திருத்தம் செய்து தருவீர்கள் என்பதையும் எழுதிவிடுங்கள். எடிட் லாக் ஆகிவிட்டது, இனி மாறாது என்று சொன்ன பிறகும் எடிட் மாறும்.

வீட்டில் நன்றாக இருந்தது தியேட்டரில் வேறு மாதிரி கேட்கிறதே?

மிக்ஸிங் தியேட்டரில் ஸ்பீக்கர்களை 85 டெசிபலுக்கு அளந்து வைத்திருப்பார்கள். உங்கள் அறையில் அதற்குக் குறைவான சத்தத்தில் வேலை செய்வதால் கீழ்ஸ்தாயி போதவில்லை என்று ஏற்றிவைத்திருப்பீர்கள். தியேட்டரில் அது இருக்கையை ஆட்டும். வசனம் நடு ஸ்பீக்கரிலிருந்து வரும் என்பதையும் மறக்காதீர்கள், அந்த நடுவில் உங்கள் மெட்டுக்கு இடமில்லை. ஓ.டி.டி.க்கு வேறு கணக்கு: நெட்ஃபிளிக்ஸ் வசனத்தின் சராசரியை மைனஸ் 27 எல்.கே.எஃப்.எஸ். (காதுக்குக் கேட்கும் உரப்பின் அளவு; பூஜ்யத்தை நெருங்க நெருங்கச் சத்தம் அதிகம்) என்று கேட்கிறது, யூடியூப் மைனஸ் 14 வாக்கில் சமன்செய்கிறது. ஒரே மிக்ஸை எல்லா இடத்துக்கும் அனுப்பினால் எங்காவது அடி வாங்கும்.

தலைக்கு மேலிருந்தும் ஒலி வரும் டால்பி அட்மாஸ் பற்றியும் கேட்கிறார்கள். நல்ல வசதிதான், 'சிவாஜி' படத்தின் 3டி பிரதி 2012-லேயே அதில் வந்துவிட்டது. குறும்படத்துக்கு ஐந்து ஸ்பீக்கரும் ஒரு சப்வூஃபரும் கொண்ட 5.1 தாராளம். ஸ்டீரியோவில் நிற்காத மிக்ஸ் அட்மாஸிலும் நிற்காது.

ஏ.ஐ. இந்த வேலையைத் தின்றுவிடாதா?

கொஞ்சம் தின்கிறது. விளம்பரத்துக்கும் யூடியூப் வீடியோவுக்கும் பின்னால் ஓடும் இசைக்கு இனி ஆளைத் தேட மாட்டார்கள். இன்னொரு பக்கம், வசனத்திலிருந்து டிராஃபிக்கைப் பிரித்தெடுக்கும் மென்பொருள்கள் என் வேலையில் பாதி நாளை மிச்சம் பிடிக்கின்றன. லைன் வீட்டு அம்மாவின் காட்சிக்கு 'ச' போடுவதா 'இ' போடுவதா என்று அவை சொல்வதில்லை. சொல்ல ஆரம்பித்தால் அப்போது பார்ப்போம்.

வேலை கேட்கும்போது காட்டும் ஷோரீலில் என்ன வைக்கலாம்?

மூன்று நிமிடத்துக்கு மேல் யாரும் கேட்பதில்லை. பெரிய படத்தின் டிரெய்லரை எடுத்து மறு ஒலி கொடுப்பது பயிற்சிக்கு நல்லது, ரீலில் வேண்டாம். எல்லோரும் அதையேதான் அனுப்புகிறார்கள். வசனம் இல்லாத, இசையும் இல்லாத ஒரு காட்சியை முதலில் வையுங்கள். இரண்டாவதாக இசை மட்டும் சுமக்கும் காட்சி. மூன்றாவதாக, முடிந்தால், இசை எங்கே முடிந்து சத்தம் எங்கே தொடங்குகிறது என்று தெரியாத ஒன்று.

படம் கொடுத்து முடிந்த பிறகு எதையெல்லாம் வைத்திருக்க வேண்டும்?

வசனம், இசை, எஃபெக்ட்ஸ் மூன்றையும் தனித்தனி ஸ்டெம்மாக, அதாவது தனித்தனிக் கோப்பாக, எடுத்து வையுங்கள். தெலுங்கிலோ இந்தியிலோ டப் செய்ய வந்தால் வசனம் நீங்கிய எம் அண்ட் ஈ (மியூசிக் அண்ட் எஃபெக்ட்ஸ்) டிராக்கைக் கேட்பார்கள். சிங்க் சவுண்டில் எடுத்த படம் என்றால் இதில் ஒரு கண்ணி இருக்கிறது: வசனத்தை எடுத்தால் அதோடு சேர்ந்து பதிவான காலடி, டம்ளர், புடவைச் சரசரப்பு எல்லாம் போய்விடும், அவற்றை ஃபோலியில் திரும்பச் செய்தாக வேண்டும். பட்ஜெட் பேசும்போதே இதற்கு ஒரு தொகை சொல்லுங்கள். இல்லாவிட்டால் இரண்டு வருடம் கழித்து, டப்பிங் உரிமை விற்ற அன்று ராத்திரி ஃபோன் வரும், 'தம்பி, காலையில அனுப்பிடுங்க' என்று.